ராணி கடையில் இன்னும் நேத்து

"வியாழக்கிழமைன்னா வியாழக்கிழமைதான்யா! அமெரிக்காக்காரனுக்கு மட்டும் சாமி வேற கெழமை குடுத்துகீதா?"

ராணி இப்படிக் கத்தியபோது அவள் கையில் சட்னிக் கரண்டி இருந்தது. எதிரில் நின்ற திருமுருகனின் வெள்ளைச் சட்டையில் இரண்டு சொட்டு தெறித்தது. துடைத்துக்கொள்ளக்கூடப் பயந்துபோய் நின்றான் பாவம். எதிர்க் குடியிருப்பில் மூன்றாவது மாடிக்காரன், திருநெல்வேலிப் பக்கம். ராத்திரி முழுக்க அமெரிக்காக்காரனோடு பேசுகிற கம்ப்யூட்டர் வேலை.

"எக்கா, நான் சொல்லுதத கொஞ்சம் கேளுங்க. அவங்க ஊர்ல வியாழக்கிழமை ராத்திரி எட்டரை. அப்போ நம்ம ஊர்ல..."

"நம்ம ஊர்லயும் எட்டரைதான். ராத்திரியெல்லாம் அவனுங்களோட பேசிப் பேசி உனக்குத்தான் பகலு எது, ராவு எதுன்னு தெரியாம பூட்ச்சு. இட்லி துண்ணுட்டுப் போய்ப் படு."

அவன் தின்றுவிட்டுப் போய்ப் படுத்தான். ராணியோடு வாதாடி ஜெயித்தவன் பருத்திப்பட்டில் இன்னும் பிறக்கவில்லை.

அவள் இட்லிக் கடை ஏரிக்குப் போகிற தெருவில் இருக்கிறது. என் வீடு அதற்கு நேர் எதிர். என் ஜன்னலுக்கும் அவள் அடுப்புக்கும் நடுவே ஒரு லாரி போகிற அகலம்தான். அங்கே நடக்கிற எந்தச் சண்டையும் எனக்குத் தப்பாது. அன்றைய சண்டை பாஸ்கெட்பாலுக்காக. அமெரிக்காவில் வருஷா வருஷம் நடக்கிற பெரிய போட்டியின் கடைசிக் கட்டம் வருகிறது. அதன் முதல் ஆட்டத்தை ராணி பார்க்க வேண்டும். பிறகு போனில் போட்டுப் பார்க்கிற கதையெல்லாம் வேண்டாம். அங்கே ஆடுகிற அதே நேரத்தில் பார்க்க வேண்டும்.

இட்லிக்காரிக்கு அதெல்லாம் எதற்கு என்று கேட்பீர்கள். அவளை நேரில் பார்த்தால் கேட்க மாட்டீர்கள். ஆறடிக்கு ஒரு விரல் அதிகம். தலை இடிக்கிறது என்று கடையின் தகரக் கூரையை ஒரு முழம் தூக்கிப் போட்டிருக்கிறாள். மழை வந்தால் சாரல் நேராகச் சாப்பிடுகிறவன் இலைக்கு வரும். எவனாவது முனகினால், "சாம்பார் கெட்டியா கீதுன்னு நேத்து நீதான சொன்ன?" என்பாள்.

அவள் அப்பனும் ஆத்தாளும் ஊரான் நிலத்தில் நாற்று நட்டவர்கள். அந்த நிலமெல்லாம் பிளாட்டாகி, அதன்மேல் இப்போது திருமுருகன் படுத்துத் தூங்குகிறான். ராணி பள்ளிக்கூடம் போகையில், எம்பாமலே வேப்பங்கிளையை ஒடித்தாளாம். விளையாட்டு டீச்சர் அதைப் பார்த்துவிட்டுப் பந்தைக் கையில் கொடுத்திருக்கிறாள். அன்று பிடித்தது. பதினெட்டு வயசில் மாவட்டத்துக்கே ஆடினாள். பிறகு கோயம்புத்தூரில் பெரிய போட்டி என்று டிக்கெட் எடுத்துக் கொடுத்தார்கள். அங்கேதான் கெட்டது.

டிக்கெட்டில் வெள்ளிக்கிழமை, ராத்திரி பன்னிரண்டு இருபது என்று போட்டிருந்தது. நாம் அதை எப்படிச் சொல்வோம்? வியாழக்கிழமை ராத்திரி வண்டி, விடிஞ்சா வெள்ளி என்போம். ராணியிடம் அப்படி யாரும் சொல்லவில்லை. வெள்ளிக்கிழமை ராத்திரி சாவகாசமாகத் தலைவாரிக்கொண்டு சென்ட்ரலில் போய் நின்றாள். வண்டி முந்தின ராத்திரியே போய்விட்டது. அவள் இல்லாமல் ஆடிய முதல் ஆட்டத்திலேயே இவர்கள் அணி தோற்றது. தோற்றால் அதோடு சரி, வீட்டுக்கு வர வேண்டியதுதான். டீச்சர் அதற்குப் பிறகு அவள் முகத்தில் விழிக்கவில்லை.

கல்யாணமும் ஆகவில்லை. பெண் பார்க்க வந்தவன் அவள் தோள்வரைக்கும் வந்தான். "இந்தாளை நான் இடுப்புலதான் தூக்கிக்கினு போவணும்" என்று காபித் தட்டோடு நின்று சொல்லியிருக்கிறாள். வந்தவர்கள் காபி குடிக்காமலே போனார்கள். நான் கல்யாணம் பண்ணிக்கொண்டேன். என் புருஷன் உயிரோடு இருந்தவரை எனக்குத் தூக்கம் கிடையாது. அவள் இன்றைக்கும் ஒன்பது மணிக்குப் படுத்தால் குறட்டை விடுகிறாள். யாருக்கு நல்ல காலம் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

பந்தை விட்டாலும் ஆசையை விடவில்லை. செல்போன் கடை வைத்திருக்கிற ஆசிக், அவள் போனில் அமெரிக்கா ஆட்டம் வருகிற மாதிரி செய்து கொடுத்தான். ஆட்டம் நடக்கிற நேரம் நமக்கு விடியற்காலையாம். ராணிக்கோ ஆசிக்குக்கோ எனக்கோ அப்போது அது தெரியாது. கடை மூடிய பிறகுதான் அவள் போனைத் திறப்பாள், அதில் பழைய ஆட்டம் ஓடும். அதற்குள் இட்லி தின்ன வந்த எவனாவது, "ராணிக்கா, உங்க நெட்டையன் டீம் அவுட்டு" என்று வாய் விட்டிருப்பான். நெட்டையன் என்பது நீலச் சட்டை அணியில் ஆடுகிற தாடி நரைத்த ஒருத்தன். பேர் அவளுக்கு வாயில் நுழையாது.

"முடிவு தெரிஞ்சிட்டுப் பாக்கறது ஊசிப்போன வடைய மறுபடி எண்ணெய்ல போடற மாரிக்கா" என்பாள் என்னிடம்.

இந்த வருஷத்தோடு நெட்டையன் ஆட்டத்தை விடப் போகிறான் என்று ஆசிக் சொன்னான். கூடவே அமெரிக்காக்காரன் போட்ட விளம்பரத்தையும் படித்துக் காட்டினான். வியாழக்கிழமை, ராத்திரி எட்டரை. ராணி குதித்தாள். காலையில் மட்டும் நடக்கிற கடை. ராத்திரி எட்டரைக்கு அவளுக்கு ஒரு வேலையும் கிடையாது. கடவுளே பார்த்து நேரம் குறித்த மாதிரி இருந்தது. அந்த நேரத்தில் வந்து திருமுருகன் வேறு கணக்குச் சொன்னால் கரண்டி பறக்காமல் என்ன செய்யும்?

"ஒரு தபா வெள்ளிய நம்பி வண்டிய உட்டேன்க்கா. இந்தத் தபா வியாழன உடமாட்டேன்" என்றாள்.

வியாழக்கிழமை சாயங்காலம் என் வீட்டுக்குள் கல்யாணக் கூட்டம். என் மகன் வாங்கிக் கொடுத்த டிவி பெரிசு என்று என்னைக் கேட்காமலே முடிவு செய்துவிட்டாள். எனக்கு அன்று சீரியலில் மாமியார்க்காரி மாட்டிக்கொள்கிற கட்டம், அதுவும் போச்சு. ஆசிக் எதையோ டிவியில் சொருகினான். சுண்டல் வந்தது. கம்பெனி வேன் ஓட்டுகிற கோவிந்தராஜ், சலவைச் சட்டை போட்டுக்கொண்டு வந்து முன்னால் உட்கார்ந்தான். வேலை செய்கிற பெண்கள் விடுதியிலிருந்து பவ்யாவும் நாலு பெண்களும் வந்தார்கள்.

எட்டரை ஆனது. டிவியில் கோட்டுப் போட்ட இரண்டு பேர் பேசினார்கள். எட்டே முக்காலுக்கும் பேசினார்கள். பிறகு எவனோ மீன் பிடித்தான்.

"இன்னா ராணி, பந்து தண்ணிக்குள்ள உழுந்துட்ச்சா?" என்றான் கோவிந்தராஜ்.

"வாய மூடிக்கினு சுண்டல் துண்ணு."

ஒன்பது மணிக்கு வேலைக்கு உட்காரப் போகிற திருமுருகன், சத்தம் கேட்டு எட்டிப் பார்த்தான். வாசற்படியைத் தாண்டாமல் மெதுவாகச் சொன்னான்.

"எக்கா, அவங்க ஊர்ல இப்பதான் வியாழக்கிழமை காலைல பதினொன்றரை. ஆடுதவன் இன்னும் குளிச்சிருக்க மாட்டான். அவங்களுக்கு ராத்திரி எட்டரை ஆகும்போது நமக்கு விடிஞ்சிரும். வெள்ளிக்கிழமை காலை ஆறு மணி."

ராணி அவனையே பார்த்தாள். அவள் மண்டைக்குள் ஏதோ மெதுவாக உருண்டு வந்து விழுந்தது.

"அப்போ... வியாழக்கிழமை ராத்திரி, விடிஞ்சா வெள்ளி?"

"ஆமாக்கா. விடிஞ்சா வெள்ளி."

"யோவ், இத்த மொதல்லயே தமிள்ல சொல்றதுக்கு இன்னாய்யா? எட்டரை, பதினொன்றரைன்னு கணக்கு வாத்தியாராட்டம் பேசிக்கினு கீற!"

எல்லோரும் சிரித்தார்கள். அவளும் சிரித்தாள். ஆனால் பாதியிலேயே அந்தச் சிரிப்பு நின்றுவிட்டது. வெள்ளிக்கிழமை காலை ஆறு மணி என்றால் கடை நேரம். முதல் ஷிப்டுக்குப் போகிற அத்தனை பேரும் அவள் அடுப்புக்கு முன்னால் நிற்கிற நேரம்.

"ஒருநாள் மூடுடி. ஊரு ஒண்ணும் செத்துப் போவாது" என்றேன் நான்.

"இதுங்க இன்னா துண்ணும்?" பவ்யாவையும் மற்ற பெண்களையும் காட்டினாள். "ஆஸ்டல்ல ஏழு மணிக்கு மேலதான் அடுப்பே பத்த வைப்பான். வெறும் வயித்தோட மிசினாண்ட நின்னு மயக்கம் போட்டு உழுறதுக்கா?"

"எங்களுக்குப் பன் இருக்குக்கா" என்றாள் பவ்யா.

"பன்னுல இன்னா கீது? காத்து கீது."

சுண்டல் சட்டியைத் தூக்கிக்கொண்டு எழுந்தாள். அவ்வளவு உயரமானவள் குனிந்து நிற்பதை என்னால் பார்க்க முடியவில்லை. எனக்குக் கோபம்தான் வந்தது.

"ஏண்டி, உன் அடுப்பு உள்ள வராது. என் டிவி ஜன்னலாண்ட வராதா? அதுக்கு இன்னா கால் வலியா?"

ராணி திரும்பி வந்து என்னைக் கட்டிப்பிடித்தாள். என் முகம் அவள் வயிற்றில் போய் இடித்தது. ஒரே வெங்காய வாசனை.

வெள்ளிக்கிழமை காலை, என் டிவி முதுகை எனக்குக் காட்டிக்கொண்டு தெருவைப் பார்த்து நின்றது. நான் இட்லி தின்கிற சாக்கில் எதிரே போய் உட்கார்ந்தேன். கடையில் ஒரு அட்டை தொங்கியது. எனக்குப் படிக்கத் தெரியாது, ஆசிக் படித்துச் சொன்னான்: பந்து ஓடும்போது இட்லி கிடையாது. விசில் அடித்தால் கேட்கவும்.

"இது இன்னா அநியாயம்? பந்து ஓடச்சொல்ல எனக்குப் பசிக்காதா?" என்றான் கோவிந்தராஜ்.

"அண்ணாத்தே, நெட்டையன் ஓடச்சொல்ல உன் பசி இன்னா பெரிய பசி?"

நீலச் சட்டையும் பச்சைச் சட்டையும் ஓட ஆரம்பித்தார்கள். ராணி கண்ணை எடுக்கவில்லை. எவனாவது எவனையாவது இடித்து விசில் ஊதினால், சட்டென்று திரும்பி ஆளுக்கு இரண்டு இட்லி. ஆட்டத்தை நிறுத்திக் கூடிப் பேசினால் வடையும் கிடைக்கும். கொஞ்ச நேரத்தில் கடையில் இருந்த எல்லோருக்கும் விளங்கிவிட்டது. பசியோடு நின்ற பெண்கள், "இடி, இடி!" என்று கத்தினார்கள். அமெரிக்காவில் எவன் கீழே விழுந்தாலும் பருத்திப்பட்டில் தட்டு நீண்டது.

"ஐயையோ, ஒருத்தனும் இடிக்க மாட்டேங்கறானே. எவ்ளோ நல்ல பசங்க, நாசமாப் போக" என்று கோவிந்தராஜ் புலம்பினான்.

வேன் கிளம்பியது. அடுத்த கூட்டம் வந்தது, விதியைக் கற்றுக்கொண்டது. எட்டு மணிக்கு மேல் ஆட்டம் கடைசிக்கு வந்தபோது இரண்டு பக்கமும் சமம். சாப்பிட்டு முடித்தவர்களும் போகாமல் நின்றார்கள். அப்போதுதான் குடியிருப்புக்குத் தண்ணீர் ஊற்றுகிற லாரி வந்தது. வந்தது மட்டுமல்ல, என் ஜன்னலுக்கும் அவள் அடுப்புக்கும் நடுவில் சரியாக நின்றது.

"யோவ் பரந்தாமா! வண்டிய எடுய்யா!"

"பைப்பு மாட்டிட்டேன் ராணி. இப்போ எடுத்தா தண்ணியெல்லாம் ரோட்ல போவும்."

"போவட்டும்! நெட்டையன் பந்த வெச்சிகினு கீறான்யா!"

"எந்த நெட்டையன்?"

ராணி கரண்டியை எறிந்தாள். லாரியைச் சுற்றிக்கொண்டு என் வீட்டுக்குள் ஓடினாள். என் நிலைப்படி அவள் உயரத்துக்கு வைத்ததில்லை. ணங்கென்று தலை இடித்த சத்தம் தெருவுக்கே கேட்டது. நான் பின்னாலேயே ஓடினேன். அவள் டிவியைத் தூக்கி உள்பக்கம் திருப்பி, மாவுக் கையோடு என் கட்டிலில் உட்கார்ந்திருந்தாள்.

லாரிக்கு அந்தப் பக்கத்திலிருந்து, "ராணிக்கா, இட்லி!" என்று யாரோ கூவினார்கள்.

"நீங்களே எடுத்துக்கோங்க கண்ணுங்களா! துணிய மட்டும் கிழிச்சிராதீங்க!"

அவள் பானையில் அதுவரை வேறு கை பட்டதில்லை.

பச்சைக்காரன் ஒரு புள்ளி முன்னால் இருந்தான். நெட்டையன் பந்தோடு எம்பினான். பந்து வளையத்தின்மேல் உட்கார்ந்து சுற்றியது. ராணி என் கையைப் பிடித்து நெரித்தாள். சுற்றிய பந்து உள்ளே போவதா வேண்டாமா என்று யோசித்து, வெளியே விழுந்தது. ஊதல் சத்தம். முடிந்தது.

அழப் போகிறாள் என்று முந்தானையை எடுத்து வைத்துக்கொண்டேன். அவள் தொடையில் தட்டிக்கொண்டு சிரித்தாள். நெற்றியில் புடைப்பு, கண்ணில் தண்ணீர், வாயெல்லாம் பல்.

"தோத்துட்டான்க்கா! தோத்துட்டான்! எவனும் வந்து சொல்லல பாரு. நானே பாத்தேன். மொத ஆட்டம் நானே பாத்தேன்!"

அப்புறம் ஓடிப்போய், பானையில் துணியைக் கிழித்தவன் யார் என்று அரைமணி நேரம் சண்டை போட்டாள்.

தோற்றால் அதோடு வீட்டுக்குப் போகிற போட்டி இல்லையாம் இது. நாலு ஆட்டம் ஜெயிக்கிறவனுக்குத்தான் கோப்பை, இன்னும் நிறைய ஆட்டம் இருக்கிறது என்று ஆசிக் சொன்னான். ராணி அந்த ஞாயிற்றுக்கிழமையே பூந்தமல்லிக்குப் போய் ஒரு சுவர்க் கடிகாரம் வாங்கி வந்தாள். கடையில் இருந்த பழைய கடிகாரத்துக்குப் பக்கத்தில் மாட்டினாள். அவள் சொன்னபடி திருமுருகன் அதில் அமெரிக்கா நேரம் வைத்துக் கொடுத்தான். மறுநாள் காலை நம்முடையது ஆறு காட்டியது, அது எட்டரை காட்டியது.

"எட்டரை சரி. எந்தக் கெழமை எட்டரைன்னு இது சொல்ல மாட்டேங்குதே?" என்றாள்.

திருமுருகன் யோசித்தான். ஒரு சீட்டில் ஏதோ எழுதி அதன் கீழே ஒட்டினான். 'நேத்து' என்று எழுதியிருக்கிறதாம். காலை ஒன்பதரைக்கு மேல் அங்கேயும் இன்றைக்கு ஆகிவிடும், சீட்டு பொய்யாகிவிடும் என்றும் சொன்னான். அதனால் ஒன்றுமில்லை, ஒன்பது மணிக்கெல்லாம் ராணி கடையை மூடிவிடுவாள்.

புதிதாக வருகிறவர்கள் எல்லோரும் அந்தக் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, ஏன் தப்பாக ஓடுகிறது என்று கேட்கிறார்கள். ராணி கரண்டியை நீட்டி விளக்க ஆரம்பித்தால் அவர்களுக்கு வேலைக்கு நேரமாகிவிடுகிறது. பூந்தமல்லிக் கடைக்காரன் அதற்கு முந்நூற்றைம்பது சொன்னானாம். ராணி நிமிர்ந்து நின்று அவனைக் குனிந்து பார்த்ததில் இருநூற்று இருபதுக்குக் கொடுத்துவிட்டான்.