காற்று எழும்பும் ஏரி

ஜெர்மனியில், லைப்சிக் நகருக்குத் தெற்கே, கோதுமை வயல்களுக்கு நடுவே இருக்கிறது இந்த ஏரிக்கரைக் கிராமம். நிலக்கரி தோண்டிய பள்ளத்தில் நீர் நிரப்பி உண்டாக்கிய ஏரி. கோடை முடிந்துவிட்டதால் விடுதிகளில் கூட்டமில்லை.

படகு வாடகைக்கு விடும் அக்கா யாழ்ப்பாணத்துக்காரர். மிதிபடகு ஒன்று கேட்கிறேன். வானத்தைப் பார்க்கிறார்.

“இண்டைக்கு ஏலாது தம்பி. காத்து எழும்பப் போகுது.”

“கரையோரமா போய்ட்டு வந்துடறேன் அக்கா.”

“என்ரை மனுசனும் கிட்டத்தானே எண்டுதான் போனவர்.”

போன வருடம் இப்படியொரு காற்றில் ஒரு படகு கவிழ்ந்திருக்கிறது. அதில் வந்த ஜெர்மன் தம்பதியைக் காப்பாற்றப் போன அவர் கணவர், தண்ணீரில் குதித்து இருவரையும் தன் படகில் ஏற்றிவிட்டார். அவரால் ஏற முடியவில்லை.

“அவையள்தான் அங்கை இருக்கினம்.” துறையோரத்துப் பெஞ்சில் வயதான இருவர் தண்ணீரைப் பார்த்தபடி உட்கார்ந்திருக்கிறார்கள். “அடிக்கடி வருவினம். என்னட்டை வாறதில்லை.”

“நீங்க பேசினதில்லையா?”

“என்னெண்டு தொடங்கிறது, தம்பி?”

மழை தூறத் தொடங்குகிறது. அவர்கள் எழுந்திருக்கவில்லை. அக்கா படகுகளைச் சங்கிலியால் பூட்டுகிறார். பிறகு பெஞ்சை நோக்கி நடந்து, கடைக்குள் வாருங்கள் என்று ஜெர்மன் மொழியில் சொல்கிறார்.

அந்த அம்மாள் எழுந்து, அக்காவின் கையை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொள்கிறார். மூவரும் நனைந்தபடி மெதுவாக வருகிறார்கள். நான் கடைக் கதவைத் திறந்து பிடித்துக்கொள்கிறேன்.