தம்பிக்கு வைக்காத வெற்றிலை

யுத்தத்தால் சர்க்கரையும் மண்ணெண்ணெயும் கிடைக்காத சமயத்தில் மூத்த மகளுக்குக் கல்யாணம் வைத்தோம். மலைத்துப் போகாமலிருக்க வேலையைப் பிரித்துக்கொண்டோம். எங்கள் மலையில் வெற்றிலை பாக்கு வைத்து அழைக்காத வீட்டுக்கு யாரும் போவதில்லை. அதற்காக என் வீட்டுக்காரர் மலைமேலுள்ள ஆலத்தூர் நாட்டு ஊர்களுக்கும், கொழுந்தனார் பைல் நாட்டு ஊர்களுக்கும் போனார்கள். சமையல் என் பொறுப்பு. பக்கத்து வீட்டிலிருக்கும் என் தம்பி, காளப்பநாயக்கன்பட்டியிலிருந்து வெல்ல மூட்டையைத் தலைச்சுமையாக மலையேற்றினான். பந்தலும் அவனே போட்டான்.

முகூர்த்த நேரத்தில், பெண்ணுக்குப் பட்டம் கட்ட வேண்டிய தாய்மாமனைக் காணோம். ஓடிப்போய்ப் பார்த்தேன். பந்தல் போட்ட அழுக்கு வேட்டியோடு வீட்டில் உட்கார்ந்திருந்தான்.

"ஏனுங்கக்கா, பந்தல் போடக் கூப்பிட்டீங்க, வந்தேன். கல்யாணத்துக்கு யாருங்க கூப்பிட்டாங்க?"

அத்தனை ஒழுங்காகப் பிரித்த வேலையில் அவனை அழைப்பது யார் பங்கிலும் இல்லை.

"ஊட்டு ஆளுக்கு எதுக்கு வெத்தல?" என்றார் பின்னாலேயே வந்த என் வீட்டுக்காரர், அப்போதும்.

பிள்ளை முகத்துக்காகத் தம்பி வந்து பட்டம் கட்டினான். சாப்பிடாமல் போய்விட்டான்.

இப்போது எந்த விசேஷத்துக்கும் முதல் வெற்றிலையை நானே அவன் வீட்டுக்குக் கொண்டுபோகிறேன். மறுக்காமல் வாங்கிக்கொள்கிறான். இளையவள் கல்யாணத்தில் பட்டமும் கட்டினான். எங்கள் வீட்டில் கை மட்டும் நனைப்பதில்லை.