ஹாலந்து கிளப் தோற்ற வியாழக்கிழமை

ஹாலந்து கிளப் தோற்றுப்போன அன்று காலை எங்கள் வீட்டில் அடுப்புப் பற்றவைக்க யாருக்கும் கை வரவில்லை. கும்மிடிப்பூண்டியில் உட்கார்ந்துகொண்டு எவனோ வெள்ளைக்காரனுக்காக இடிந்துபோவதா என்று நீங்கள் சிரிக்கலாம். முழுசாகக் கேட்டுவிட்டுச் சிரியுங்கள்.

எழுபதுகளின் தொடக்கம். நானும் அக்காவின் புருஷனும் ஒரே இரும்புக் கம்பெனியில் வேலை பார்த்தோம். மெஷின் பூட்ட ஹாலந்திலிருந்து வந்த மெக்கானிக் ஊர் திரும்பும்போது தன் ரேடியோவை மாமாவுக்குக் கொடுத்துவிட்டுப் போனார். மாமா எங்கள் கம்பெனி ஃபுட்பால் டீமில் முன்வரிசை ஆட்டக்காரர், அந்தப் பாசம். அன்றிலிருந்து மெக்கானிக்கின் ஊர் கிளப்தான் மாமாவின் கிளப். ஞாயிற்றுக்கிழமை அவர்கள் நாட்டு லீக், நடுவாரத்தில் ஐரோப்பியக் கோப்பை. ஹாலந்து எந்தப் பக்கம் என்று கேட்டால் ஆந்திர எல்லையில் இருக்கும் எளாவூர் செக்போஸ்ட் பக்கம் கை காட்டுவார். அதைத் தாண்டினால் அவருக்கு எல்லாமே ஃபாரின்தான்.

அந்தக் கிளப் பிரமாதமாக ஆடிக்கொண்டிருந்த சீசனில்தான் கிரேன் சங்கிலி நழுவி, இரும்புக் கட்டு மாமாவின் இடது காலில் விழுந்தது. பாதம் நாளுக்கு நாள் கறுத்துக்கொண்டே வந்தது. முட்டிக்குக் கீழே எடுத்தால் ஆள் பிழைப்பார், தள்ளிப்போட்டால் உயிருக்கு உத்தரவாதம் இல்லை என்று மெட்ராஸ் டாக்டர் சொல்லிவிட்டார். மாமா ஒப்புக்கொள்ளாமல் வீட்டுக்கு வந்து படுத்துக்கொண்டார்.

அக்கா பூக்கட்டிப் பார்க்கலாம் என்றாள். வெள்ளைப் பூவையும் சிவப்புப் பூவையும் தனித்தனிப் பொட்டலமாகக் கட்டி அம்மன் முன்னால் போட்டு, ஒரு குழந்தையை விட்டு எடுக்கச் சொல்வார்கள். நினைத்த நிறம் வந்தால் காரியத்தில் இறங்கலாம்.

"பூவெல்லாம் இன்னாத்துக்கு? புதங்கெயமை நம்ம கிளப்பு ஜெயிச்சா காலை எடுத்துக்கட்டும். தோத்தா இந்தக் காலோடவே போறேன், வுட்ரு" என்றார் மாமா.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பெண்டாட்டி கையைப் பிசைந்துகொண்டு நிற்கிறாள், இந்த மனுஷன் உயிரைக் கொண்டுபோய்ப் பந்தில் வைக்கிறாரே! ஆனாலும் உள்ளுக்குள் ஒரு நிம்மதி. இரண்டு ஆட்டத்தில் முதலாவதை எதிரி ஊரில் போய்ச் சமமாக ஆடிவிட்டு வந்திருந்தார்கள். இந்த ஆட்டம் சொந்த ஊரில். அந்த சீசன் முழுக்கச் சொந்த ஊரில் அவர்கள் தோற்றதே இல்லை. அக்கா புதன்கிழமை சாயங்காலமே ஆஸ்பத்திரிக்குப் பையைக் கட்டிவிட்டாள். நான் புதுவாயலில் டாக்சிக்குச் சொல்லிவைத்தேன்.

வியாழக்கிழமை காலை ரேடியோ இங்கிலீஷில் சொன்னது. மூன்று கோல் வாங்கித் தோல்வி. ஒரு கோல்கூடப் போடவில்லை. ஐரோப்பியக் கோப்பையில் கதை முடிந்தது.

மாமாவின் முகத்தில் ஈயாடவில்லை.

"சொந்த ஊர்லயா? சொந்த ஊர்லயா மச்சான் தோத்தானுங்க?" என்று என்னையே திரும்பத் திரும்பக் கேட்டார். பிறகு சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். "டாக்சி வாணாம்னு சொல்லிடு."

ஒரு ஆட்டத்தால் ஒரு ஆள் சாகப்போகிறார். எனக்கு அதை நம்பவே முடியவில்லை.

அக்காதான் கட்டில் பக்கத்தில் வந்து நின்றாள். அதுவரை அவரை 'நீங்க' என்று மட்டுமே பேசியவள்.

"ஞாயித்துக்கெயமை அவுங்களுக்கு வேற ஆட்டம் கீதுன்னு சொன்னியே?"

மாமா திடுக்கிட்டுத் திரும்பினார். "அது லீக்கு. அது வேற."

"போவாங்களா, மாட்டாங்களா?"

"போய்த்தானே ஆவணும்."

"மூணு கோல் வாங்கிக்கினு அவுங்களே போறாங்க. நீ எந்திரி."

அவர் எழுந்தார். நானும் டாக்சிக்காரருமாகத் தூக்கி உட்காரவைத்தோம். டாக்சி நேராக மெட்ராஸ் ஆஸ்பத்திரிக்குப் போனது.

சனிக்கிழமை காலை எடுத்தார்கள். திங்கட்கிழமைதான் மாமா தெளிவாகக் கண் விழித்தார். போர்வை ஒரு பக்கம் பள்ளமாகக் கிடப்பதைப் பார்த்தார்.

"ஞாயித்துக்கெயமை இன்னா ஆச்சி?"

ரேடியோ கும்மிடிப்பூண்டியில் இருந்தது, ஆட்டத்தின் முடிவு எங்கள் யாருக்கும் தெரியாது.

"ஜெயிச்சிட்டாங்க" என்றாள் அக்கா. பந்தின் உள்ளே இருப்பது காற்றா பஞ்சா என்றுகூட அறியாதவள்.

"எத்தினி கோலு?"

"ஒண்ணு."

"யாரு போட்டது?"

அவளுக்கு எவன் பேர் தெரியும்?

"எல்லாருந்தான் போட்டாங்க."

மாமா அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். "ஒரு கோல ஒருத்தந்தான்டி போட முடியும்" என்றார். அடிபட்ட நாளிலிருந்து கண் கலங்காத மனுஷன், அவள் கையைப் பிடித்துக்கொண்டு ஓவென்று அழுதார்.