தண்ணீர்ப் பந்தல் தலைவரும் ஒரு மேற்கோளும்

தாலுகா அலுவலகத்திலிருந்து ஓய்வுபெற்றபோது, இனி விதிமுறை என்ற சொல்லையே கேட்க வேண்டியிருக்காது என்று நம்பினேன். பிறகு அந்த இணையக் கலைக்களஞ்சியம் கண்ணில் பட்டது. யார் வேண்டுமானாலும் எழுதலாம், யார் வேண்டுமானாலும் திருத்தலாம். படித்ததுமே நான் எழுந்து வந்திருக்க வேண்டும். பட்டாவில் அப்படி ஒரு வசதி இருந்தால் ஊர் என்ன ஆகும் என்று அறிந்தவன் நான்.

இரண்டாயிரத்துக்குப் பிந்தைய ஆண்டுகள் அவை. திருத்தணி பேருந்து நிலையத்துக்கு எதிரே ஒரு பிரவுசிங் சென்டர் இருந்தது. செருப்பை வாசலில் விட்டுவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும். கணிப்பொறிக்குக் கோயில் மரியாதை. அங்கே உட்கார்ந்து எங்கள் ஊரைப் பற்றிய கட்டுரையைத் திறந்தால், உள்ளே அடிதடி. இந்த மலை ஆந்திராவுக்குச் சேர வேண்டியது என்று ஒருவர் எழுதுவார். தன் படத்துக்குப் பதில் ஒரு வாளின் படத்தை மாட்டியிருந்த இன்னொருவர் அதை அழித்துவிட்டுத் தன் வீரத்தை எழுதுவார். இருவரும் இந்த ஊரில் ஒரு டீ குடித்தவர்களாகத் தெரியவில்லை. வாள்காரர் ஒருமுறை உரையாடல் பக்கத்தில், இங்கே பனி கொட்டுகிறது, வாசலை வாரிவிட்டு வந்து உன்னைக் கவனிக்கிறேன் என்று எழுதியிருந்தார்.

அந்தச் சண்டையின் நடுவே அவர் ஒரு வரியைச் சொருகினார். எல்லையோர நெசவாளர்கள் பிற்காலத்தில் பிழைக்க வந்து குடியேறியவர்கள், மண்ணின் மைந்தர்கள் அல்லர் என்று. ஆதாரம் எதுவும் காட்டவில்லை.

அந்த வரி யார் மேல் விழும் என்பது எனக்குத் தெரியும். கடைத்தெருவில் துணிக்கடை வைத்திருந்தவர் என் நண்பர். ஆந்திர எல்லையோரம் பள்ளிப்பட்டுப் பக்கத்து நெசவுக் குடும்பம். வீட்டில் தெலுங்கு, கடையில் தமிழ், கோபம் வந்தால் இரண்டும். ஊரே அவரைப் பாவா என்றுதான் கூப்பிடும். ஆடிக் கிருத்திகைக்கு மலையடிவாரத்தில் தண்ணீர்ப் பந்தல் போடும் குழுவுக்கு அவர் அப்பா தலைவராக இருந்தார், அவருக்குப் பின் இவர். வேறு எந்தப் பதவியையும் அவர் விரும்பியதில்லை. இதை விட்டுக்கொடுக்கவும் மாட்டார்.

அவரை அழைத்துப்போய் அந்த வரியைக் காட்டினேன். கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு படித்தார்.

"இன்னா சார் இது? எங்க நைனாவோட தாத்தா நெய்ஞ்ச தறிக்குழி இன்னும் வூட்ல கீது. என்னைப் போயி வந்தவன்றான்? அழிச்சுடுங்க."

"அழிக்கலாம் பாவா. அவன் திரும்பப் போடுவான். நான் திரும்ப அழிச்சா ரெண்டு பேரையும் வெளிய தள்ளிடுவாங்க. முறைப்படி போவணும்."

"பொய்ய அழிக்கறதுக்கு முறை கீது. போடறதுக்கு இருந்துச்சா?"



முறைப்படியே போனேன். அந்த வரியின் வாலில் 'மேற்கோள் தேவை' என்று ஒட்டினேன். உரையாடல் பக்கத்தில் கண்ணியமாக விளக்கம் எழுதினேன். வாள்காரர் என்னைக் கைக்கூலி என்றார். யாருடைய கூலி என்று சொல்லவில்லை. கடைசியில் நிர்வாகி ஒருவர் வந்து, அச்சில் வெளியான ஆதாரம் ஒன்றைக் குறித்த காலத்துக்குள் காட்டாவிட்டால் வரி நீக்கப்படும் என்று தீர்ப்புச் சொன்னார். நியாயமான தீர்ப்பு. அப்படி ஒரு புத்தகம் உலகத்திலேயே இல்லை, நிம்மதியாக இருங்கள் என்று பாவாவிடம் சொன்னேன்.

அந்தப் புத்தகத்தை நாங்களே அச்சடித்துக் கொடுத்தோம்.

நானும் உறுப்பினனாக இருந்த பந்தல் குழு ஆண்டுதோறும் ஒரு விழா மலர் வெளியிடும். அதை இந்த ஊரில் யாரும் படிப்பதில்லை. தன் விளம்பரம் வந்திருக்கிறதா, தன் படம் பங்காளியின் படத்தைவிடச் சிறியதாகிவிடவில்லையே என்று பார்த்துவிட்டுப் பீரோவின் மேல் போடுவார்கள். அந்த ஆண்டு மலர் வேலை குழுவின் செயலாளரிடம் இருந்தது. அவர் சில ஆண்டுகளுக்கு முன் மனை விற்கச் சென்னையிலிருந்து வந்தவர். 'ஊர் வரலாறு' என்று ஒரு பக்கம் காலியாகக் கிடக்கவே, கலைக்களஞ்சியக் கட்டுரையை அப்படியே எடுத்து அச்சுக்கு அனுப்பிவிட்டார். நான் ஒட்டியிருந்த 'மேற்கோள் தேவை'யை மட்டும் பார்வைக்கு நன்றாக இல்லை என்று வெட்டியிருந்தார். அச்சுப்படி பாவாவிடம் வந்தது. தன் கடை விளம்பரம் சரியாக இருக்கிறதா என்று பார்த்துக் கையெழுத்துப் போட்டார்.

விளம்பரதாரர்களின் திருப்திக்காக மலரை இணையத்திலும் ஏற்றினார்கள். பனி கொட்டும் ஊரில் வாள்காரர் அதைக் கண்டெடுத்தார். அந்த வரியின் வாலில் சின்னதாக ஓர் எண் முளைத்தது. அடியில் மலரின் பெயர், வெளியிட்ட குழு, தலைவர் என்று பாவாவின் பெயர். அச்சமூகத்தவரே ஒப்புக்கொண்டது என்று குறிப்பு வேறு. மலர் இந்தக் கட்டுரையைப் பார்த்து எழுதப்பட்டது, அதையே கட்டுரைக்கு ஆதாரமாகக் காட்டுவது எப்படி என்று கேட்டேன். பார்த்து எழுதியதற்கு அச்சில் ஆதாரம் உண்டா என்று நிர்வாகி கேட்டார். பிறகு, சண்டை ஓயட்டும் என்று பக்கத்தைப் பூட்டினார். வரி உள்ளேயே இருந்தது.

பேருந்து நிலையத்து மாடுகள் தின்றதையே திரும்ப வாய்க்குக் கொண்டுவந்து மெல்வதை நான் தினமும் பார்க்கிறேன். அவை அதற்கு எண் போட்டு மேற்கோள் காட்டுவதில்லை.

மறு ஆண்டு குழுக் கூட்டத்தில் செயலாளர் ஒரு கையில் கட்டுரையின் நகலையும் மறு கையில் மலரையும் வைத்துக்கொண்டு எழுந்தார்.

"நான் சொல்லலீங்க. இன்டர்நெட்லயே போட்டுருக்கான். நம்ம மலர்லயும் இருக்கு. தலைவர் ஊர்க்காரரா இருந்தா நல்லாருக்கும்னு ஒரு அபிப்பிராயம்."

பாவா மெதுவாக எழுந்தார். "மலரு போட்டது யாரு?"

"குழு."

"குழுவுக்குத் தலைவரு?"

"நீங்கதான்."

"அப்ப வந்தவன் போட்ட மலர நம்பிக்கினுதான் வந்தவன எறக்கறீங்களா? மலரு பொய்யின்னா நான் எதுக்கு எறங்கணும்? மெய்யின்னா, அத எழுதிக் குடுத்த நீங்க எந்த வருசம் வந்தீங்க?"

கூடம் சிரித்தது. பின்னாலிருந்து ஒருவர் விசிலடித்தார். வென்றுவிட்டோம் என்று நினைத்தேன். சிரித்து முடித்தவர்கள், செயலாளரைத் தலைவராகவும் பாவாவைக் கௌரவத் தலைவராகவும் ஒருமனதாகத் தேர்ந்தெடுத்தார்கள். மாலை தயாராக இருந்தது. அதாவது, கூட்டம் தொடங்குவதற்கு முன்பே வாங்கியிருந்தார்கள். தலைவர் தேர்வு கூட்ட அறிவிப்பிலேயே இல்லை என்று ஆட்சேபித்தேன்.

"சார், இது தாலுகா ஆபீஸ் இல்ல, குந்துங்க" என்றார்கள். அங்கே இதைவிடக் கூச்சத்தோடு செய்வோம்.

ஆடிக் கிருத்திகை வந்தது. பந்தலில் புதுத் தலைவர் நடு நாற்காலியில் இருந்தார். பாவா ஓரத்து பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். ஆந்திரப் பக்கத்திலிருந்து நடந்து வந்த ஒரு கூட்டம் காவடிகளோடு நின்று, தெலுங்கில் படபடவென்று எதையோ கேட்டது. தலைவர் கும்பிட்டு மோர் கொடுத்தார். அவர்கள் தலையை ஆட்டிவிட்டு மறுபடி கேட்டார்கள்.

"பாவா, கொஞ்சம் வாங்களேன். இவங்க இன்னா கேக்கறாங்கன்னே புரியல."

"இன்டர்நெட்ல பாரு நைனா" என்றார் பாவா.

சொல்லிவிட்டு எழுந்துதான் போனார். அவர்கள் குளத்துக்கு வழி கேட்டிருக்கிறார்கள். தானே முன்னால் நடந்து கூட்டிப் போனார். புகைப்படக்காரர் ஓடிவர, தலைவரும் எழுந்து வந்து குளத்தின் பக்கம் கையை நீட்டினார்.

அடுத்த மலரில் அந்தப் படம் அரைப் பக்கத்துக்கு வந்தது. தலைவர் கை நீட்டுகிறார். காவடிக்காரர்களுக்கு நடுவே பாவா நிற்கிறார். 'வெளியூர் பக்தர்களுக்கு வழிகாட்டும் நம் தலைவர்' என்று கீழே எழுதியிருந்தது.

பாவா அதைக் கடையில் விரித்து வைத்துக்கொண்டு என்னைக் கூப்பிட்டார்.

"இந்த வாட்டி முழுசா படிச்சேன் சார்" என்றார்.