மணியம் நிறுத்திய இடம்

மணியம் போய்விட்டான்... இன்று காலை, சிரம்பான் பக்கத்துப் பாரோயில் இருக்கும் அவன் வீட்டில். அவன் மகள் போன் செய்து, "அங்கிள், அப்பா தூக்கத்துலயே போயிட்டாரு" என்றாள்.

உங்களில் பலருக்கு 'ஸ்டாப் மணியம்' என்றால்தான் தெரியும். எங்கள் ரப்பர் எஸ்டேட் பேண்டின் டிரம்மர். நான் பேஸ் கிட்டார்.

எழுபதுகளின் கடைசி. ஐந்து பேர். காலையில் பால்மரம் சீவுவோம், சனிக்கிழமையானால் கல்யாண டின்னரில் வாசிப்போம். மற்ற பேண்டெல்லாம் சினிமாப் பாட்டு வாசித்தபோது எங்களுக்கு மட்டும் அமெரிக்க ஃபங்க் இசைப் பைத்தியம். எல்லாம் ரேடியோவில் கேட்டுப் பழகியதுதான், ஒருவனுக்கும் நோட்ஸ் தெரியாது.

நாங்களே கட்டிய ஒரே பாட்டு 'லாரி வந்தாச்சு'. கோலாலம்பூரில் ஒரு சின்ன ஸ்டூடியோ, ஒரே ஒரு டேக், அதுதான் ரெக்கார்டாக வந்தது.

பாட்டு நடுவில் டிரம்ஸ் சட்டென்று நின்றுவிடும். கூடவே நாங்களும். நான்கு தட்டு நேரத்துக்குச் சத்தமே இருக்காது... பிறகு பாடகன் தனபால் "ஏறு!" என்று கத்துவான், மறுபடி தொடங்கும்.

அது தப்பு. வேண்டுமென்று செய்ததில்லை. இன்னொரு டேக்குக்கு நேரம் இல்லை. "பரவால்ல லா, இத யாரு கவனிக்கப் போறா" என்றார் ஸ்டூடியோக்காரர்.

எல்லோரும் கவனித்தார்கள்! மம்பாவ் பக்கம் ஒரு கல்யாணத்தில் ரெக்கார்டைப் போட்டபோது, அந்த இடத்தில் பெண்கள் நான்கு முறை கை தட்டினார்கள். அடுத்த மாதம் எந்த எஸ்டேட்டுக்குப் போனாலும் அதே தட்டு. சிரம்பான் கடையில் ரெக்கார்டு வந்த வேகத்தில் தீர்ந்தது. பிறந்தநாள், திருவிழா, டூர் பஸ்... ஆட்டம் நிற்கும், நான்கு தட்டு, "ஏறு!"

பேரும் மணியத்துக்கு, கேலியும் மணியத்துக்கு. "என்ன ஸ்டாப் மணியம், பிரேக்லாம் சரியா இருக்கா?" என்பார்கள். சிரித்துக்கொள்வான்.

டவுனில் ஒரு பெரிய பேண்டு டிரம்மர் தேடியது. இவன் ஆசையாகப் போனான். "நடுவுல நிப்பாட்டுற ஆளு வேணாம்" என்று அனுப்பிவிட்டார்கள். அன்று அவன் சிரிக்கவில்லை.

கல்யாண டின்னரில் மாப்பிள்ளையும் பெண்ணும் வாசலுக்கு வந்துவிட்டால், எந்தப் பாட்டாக இருந்தாலும் அந்த இடத்திலேயே நிறுத்த வேண்டும். டிரம்ஸுக்குப் பின்னால் இருக்கும் மணியத்துக்கு வாசல் தெரியாது. நான்தான் வாசலைப் பார்த்து நின்று தலையை ஆட்டுவேன். அவன் உடனே நிறுத்துவான். எத்தனை கல்யாணம்... ஒருமுறை கூடத் தவறியதில்லை.

அன்று ஸ்டூடியோவில், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் டீ கொண்டுவந்த ஆள் கதவைத் திறந்தார். பழக்கதோஷம், என் தலை தானாக ஆடிவிட்டது.

பாட்டு முடிந்ததும், "தாளத்த யாரு விட்டது?" என்று மற்றவர்கள் கேட்டார்கள். மணியம் என்னைப் பார்த்தான். நான் குனிந்து கிட்டாருக்கு டியூன் பார்த்துக்கொண்டிருந்தேன்.

தொண்ணூறுகளில் அவன் தங்கை கல்யாணம். அதே பாட்டு, அதே தட்டு. என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து மெதுவாகக் கேட்டான்.

"டேய், அன்னிக்கி நீ தலைய ஆட்டுனியா இல்லியா? சும்மா சொல்லு லா."

"நான் எங்கடா ஆட்டுனேன்?"

"அப்ப சரி. எனக்குத்தான் கண்ணு சரியில்ல போல."

எனக்கும் சேர்த்துச் சாப்பாடு எடுத்துவரப் போனான். அதற்குப் பிறகு கேட்கவே இல்லை. நானும் சொல்லவில்லை... வெட்கம்.

மற்ற மூன்று பேரும் முன்பே போய்விட்டார்கள். இப்போது இவனும். அந்த ஸ்டூடியோ அறையில் இருந்தவர்களில் நான் மட்டும்தான் பாக்கி.

மத்தியானம் ரெக்கார்டைப் போட்டேன். அந்த இடம் வந்தது. வீட்டில் வேறு யாரும் இல்லை. கையைத் தூக்கினேன், தட்ட முடியவில்லை.

ஆட்டினேன் மணியம். நான்தான் ஆட்டினேன். உன் கண்ணில் ஒரு குறையும் இல்லை.

போய் வாடா...