வீட்டுக்கொரு பிள்ளை

ஜெர்மனியின் டோட்முண்டில், எனக்கு எட்டு வயதாக இருக்கும்போது, சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியில் என்னைப் பேச்சுப் போட்டிக்குப் பிடித்துப் போட்டார்கள். பெரிய சங்கதி ஒன்றுமில்லை. ஆசிரியர் எழுதியதை அப்பா ஜெர்மன் எழுத்தில் மாற்றித் தருவார், நான் கிளிப்பிள்ளை மாதிரிப் பாடமாக்கி, கடைசியில் கையை உயர்த்தி, “வீட்டுக்கொரு பிள்ளை தருவோம்!” என்று முழங்கவேண்டும். எங்கே தருவது, யாருக்குத் தருவது? யார் கண்டது! பேசுகிறவர்களுக்கு வீட்டுப்பாடம் இல்லை என்றார்கள். அது போதாதா?

அந்த நாட்களில்தான் அப்பாவின் அக்கா, என் மாமி, வன்னியிலிருந்து தனியாக வந்து சேர்ந்தார். மாமியின் மகள், என் மச்சாள், எங்கே என்று கேட்டால் அம்மா பேச்சை மாற்றிவிடுவார். பள்ளிக்கூட வாசலில் வைத்து அவளை இயக்கம் சண்டைக்கென்று ஏற்றிக்கொண்டு போனதை நான் அறிந்தது வளர்ந்த பிறகுதான்.

மாமி குசினியில் லீக்ஸ் வெட்டிக்கொண்டிருந்தபோது நான் முழங்கிப் பார்த்தேன். அம்மா ஓடிவந்து என் வாயைப் பொத்தினார். “இந்தக் கண்றாவியை இந்த வீட்டில சொல்லக்கூடாது!”

“சொல்லாட்டி கதைப்பினம்,” என்றார் அப்பா, தலையைக் குனிந்தபடி. இங்கே யார் வாய் திறக்கவில்லை என்பது வன்னிவரை போய்ச் சேருமாம்.

மாமி கத்தியைக் கீழே வைத்தார். “பிள்ளையை விடுங்கோ, சொல்லட்டும். இவள் சொல்லாமல் விட்டால் அங்கை என்ர பிள்ளைக்குத்தான் கரைச்சல்.” பிறகு என்னைப் பக்கத்தில் இழுத்து, ளகரத்தைத் திருத்தி, “இன்னும் உரத்து, குஞ்சு,” என்று திரும்பத் திரும்பச் சொல்லவைத்தார். பாவம், அந்த மனுசி. அன்றைக்கோ, ‘மாமிக்கு இந்த வசனம் எவ்வளவு பிடித்திருக்கிறது!’ என்று பூரித்துப்போனேன்.

மண்டபத்தின் முன்வரிசையில் இயக்கப் பொறுப்பாளர்கள் கால்மேல் கால் போட்டு இருந்தார்கள். நான் முழங்கி முடித்ததும் சனம் கைதட்டி ஓய்ந்தது. மாமி மட்டும் எழுந்து நின்று தட்டிக்கொண்டேயிருந்தார். முன்வரிசை திரும்பிப் பார்த்தது. அப்பா அவர் கையைப் பிடித்து இருத்தினார்.

முதல் பரிசுக் கோப்பையோடு நான் அவர்களிடம் ஓடிப்போனபோது, மாமி முன்வரிசையைப் பார்த்தபடி அப்பாவின் காதருகே கேட்டுக்கொண்டிருந்தார்:

“தம்பி, அவையள் பாத்தவையோ?”

நான் கோப்பையை இன்னும் உயர்த்திப் பிடித்தேன்.