ஒரு கைப்பிடித் தவிட்டுக்கு ஒரு மகள்

சென்ற வாரம் ஒரு பெண் குழந்தையை விலைக்கு வாங்கினேன். விலை, ஒரு கைப்பிடித் தவிடு. அந்தத் தவிடுகூட என்னுடையதல்ல... விற்றவர்களே கொடுத்தது!

பதறாதீர்கள். நடந்ததைச் சொல்கிறேன்.

நாமக்கல்லிலிருந்து மோகனூருக்குப் போய்க்கொண்டிருந்தேன். என்ன வேலை என்று கேட்காதீர்கள். ஒரே இடத்தில் பத்து நாள் இருந்தால் எனக்குக் கால் அரிக்கும். காவேரியைப் பார்த்துவிட்டு வரலாமே என்று கிளம்பியாயிற்று. யுத்த காலத்தில் பெட்ரோல் ஏது? பஸ்ஸின் முதுகில் கட்டியிருக்கும் கரி அடுப்பு புகைந்தால்தான் வண்டி நகரும். பாதி வழியில் அது அணைந்துவிட்டது.

"எல்லாரும் எறங்கி நில்லுங்க சாமி! கரி போட்டு ஊதோணும். அரை மணி ஆகுமுங்க!" என்றார் கண்டக்டர்.

இறங்கினோம். இரு பக்கமும் சோளக்காடு. வடகிழக்கே நீலப் புகையாகக் கொல்லிமலை. எனக்கு அதைப் பார்த்ததும் வழக்கமான கிறுக்கு வந்துவிட்டது. அந்த மலைக்குத் தன் பெயர் தெரியுமா? யாரும் கூப்பிடாத வேளையில் அது என்னவாக இருக்கும்? பெயர் வைப்பதற்கு முன்னால் உலகம் முழுவதும் ஒரே பொருளாக, ஒரே பெரிய நீலமாக இருந்திருக்குமோ...

"ஏனுங்க... நீங்க எந்த ஊருங்க?"

திரும்பினேன். கையில் குழந்தையோடு ஓர் இளம்பெண். இரண்டடி தள்ளி, முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு அவள் புருஷன்.

"சேலம் அம்மா."

"எங்களுக்கு ஒறவு முறை ஏதும் வராதுங்களே?"

"வராது."

அவள் முகம் தெளிந்தது. "அப்ப இந்தப் புள்ளைய வாங்கிக்கிறீங்களா சாமி?"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. புருஷன் சட்டென்று திரும்பினான்.

"வழியில போறவங்ககிட்ட எல்லாம் கேப்பியா? வித்துத் தின்ன குடும்பமா நம்முளுது?"

"நீங்க சும்மா இருங்க. உங்க ரோசத்தக் கேட்டுத்தான் முந்தின ரெண்டையும்..."

அவள் முடிக்கவில்லை. அவன் மறுபடி சோளக்காட்டுப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

மெல்ல மெல்லச் சொன்னாள். முதல் இரண்டு குழந்தைகளும் முப்பது நாள் தாண்டவில்லை. இது மூன்றாவது. இன்றைக்கு முப்பதாம் நாள். அவர்கள் பக்கத்து வழக்கப்படி, இப்படிக் குழந்தை தங்காத வீட்டில் பெற்றவர்கள் அதை அந்நியர் ஒருவருக்குத் தவிட்டுக்கு விற்றுவிட வேண்டும். வாங்கினவர் பெயர் வைக்க வேண்டும். அப்புறம் அது வேறு யாருடைய பிள்ளையோ! தேடி வருகிற எமன் விலாசம் தெரியாமல் திரும்பிவிடுவான். புருஷன் இத்தனை நாளும் முரண்டு பிடித்து இன்று காலையில்தான் தலையசைத்திருக்கிறான். மோகனூரில் ஒரு வளையல்காரம்மாள் வாங்குவதாக ஏற்பாடு. உச்சிப்பொழுதுக்குள் நடந்தாக வேண்டும். பஸ்ஸோ படுத்துவிட்டது.

வெயில் ஏறிக்கொண்டிருந்தது. அவள் சூரியனையும் குழந்தையையும் மாறி மாறிப் பார்த்தாள்.

நான் இதையெல்லாம் நம்புகிறவனா? அந்தக் கண்ணுக்கு முன்னால் அந்தக் கேள்வியே எழவில்லை.

மடியிலிருந்து தவிட்டை எடுத்து என் கையில் வைத்தாள். நான் அதை அவளுடைய முந்தானையில் போட்டேன். குழந்தை என் கைக்கு வந்தது. ஒரு குருவிக்கூட்டின் கனம்கூட இல்லை. கண்ணைத் திறந்து என்னைத் தாண்டி வானத்தைப் பார்த்தது. அதன் விழியில் மேகம் ஒன்று மிக நிதானமாகப் போயிற்று.

கண்டக்டர் அடுப்பு ஊதியபடியே கத்தினார்: "பண்டம் கை மாறிடுச்சுங்க! இனி லக்கேஜ் சார்ஜ் யாரு குடுக்கறது?"

"பேரு வையுங்க சாமி" என்றாள் அவள்.

அங்கேதான் நான் கோட்டை விட்டேன். மேகமும் விழியும் சேர்ந்து மயக்கிவிட்டன.

"சந்திரிகா" என்றேன். "நிலா வெளிச்சம் என்று அர்த்தம்."

அவள் பாய்ந்து குழந்தையின் காதைப் பொத்தினாள். அதுவரை எட்ட நின்ற புருஷன் ஓடி வந்தான்.

"என்னங்க சாமி இப்பிடிப் பண்ணிப்போட்டீங்க! இந்தப் பேரைக் கேட்டா எவனுக்குத்தான் தூக்கீட்டுப் போகோணும்னு தோணாது? திருப்பி எடுத்துக்குங்க!"

"எப்படி எடுப்பது?"

"மூணு தரம் துப்புங்க!"

துப்பினேன். சந்திரிகா மண்ணில் விழுந்தாள்.

வெட்கமாகப் போய்விட்டது. தெரியாத விஷயமா? என்னோடு ஒரே அறையில் இருந்த மராட்டி நண்பனின் பெயருக்குக் கல் என்று பொருள். அவனுக்கு முன் பிறந்தவை தங்கவில்லையாம். தெலுங்குச் சீமையில் குப்பைமேட்டின் பெயரைத் தாங்கிய பெரிய மனிதர்கள் உண்டு. துரைமார்களின் குடும்பப் பெயர்களைப் பிரித்தால் கொல்லனும் தையற்காரனும் ரொட்டி சுடுகிறவனும் எட்டிப் பார்ப்பார்கள். ஏன், இந்தப் பக்கத்துப் பெரிய குடும்பங்களே ஆந்தைக் கூட்டம், காடைக் கூட்டம் என்று பறவைகளின் பெயரில்தானே தலை நிமிர்ந்து நடக்கின்றன! சந்திரனையும் சூரியனையும் நம்பியா மனிதர்கள் பிழைத்திருக்கிறார்கள்?

சரி, யாரும் விரும்பாத பெயராக ஒன்று வேண்டும். தேடினேன்.

தூசி? வெயில் பட்டால் பொன்னாக மிதக்கிறதே. கரி? அதற்குள் நெருப்பு தூங்குகிறது. சருகு? காற்று நடக்கும்போது கேட்கும் காலடி அல்லவா அது... முள், உமி, ஓடு, சாம்பல் - எதை எடுத்தாலும் உள்ளே ஓர் அழகு சிரித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. வார்த்தைகளையே தின்று வளர்ந்தவனுக்கு, வேண்டாத வார்த்தை ஒன்றுகூடக் கிடைக்கவில்லை!

"சாமி, பொழுது ஏறுதுங்க..." அவள் மறுபடி சூரியனைப் பார்த்தாள்.

கண்ணை இறுக மூடிக்கொண்டேன். நினைப்பதை நிறுத்தினேன். வாயில் ஒரு பெயர் வந்தது. குழந்தையின் காதில் மூன்று முறை சொன்னேன்.

கண்டக்டர் கரிச்சட்டியைக் கீழே போட்டுவிட்டுச் சிரித்தார். "இதென்னுங்க பேரு! எங்க ஊட்டு எருமைக்குக்கூட வெக்க மாட்டோமுங்க!"

அதைக் கேட்டதும்தான் அந்தப் பெண் முதல் தடவையாகச் சிரித்தாள்.

புருஷன் தலைத்துண்டை எடுத்து இடுப்பில் கட்டிக்கொண்டு என் முன்னால் வந்து நின்றான். தொண்டையைச் செருமினான்.

"ஏனுங்க... உங்க புள்ளைய நாங்க வளத்தறமுங்க. குடுங்க."

'உங்க' என்று சொல்லும்போது குனிந்து தன் காலைப் பார்த்தான். எமன் ஏமாறுகிறானோ இல்லையோ, ஓர் அப்பன் தன் ரோசத்தை விற்றுவிட்டான் - அதுவும் தவிட்டு விலைக்கு.

நேற்று நாமக்கல் கடைத்தெருவில் அதே கண்டக்டர் பஸ்ஸிலிருந்து தலையை நீட்டினார். "சாமி! உங்க மக முப்பத்தாறாம் நாள் தாண்டீட்டாளுங்க! போடற சத்தத்துல அந்த வளவுல ஒரு ஊடுகூடத் தூங்கறதில்லியாமுங்க!"

என்ன பெயர் வைத்தேன் என்றுதானே கேட்கிறீர்கள்? சொல்லமாட்டேன். உங்களில் யாராவது ஒருவர் "அடடா, நன்றாயிருக்கிறதே" என்று சொல்லிவிட்டால்?